குணம் அண்ணை வராத படம்

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். கட்டுரை எழுதக்கூடிய ஆள் நான் இல்லை. பள்ளிக்கூடத்தில் ஓ.எல். சோதனை வரைக்கும்தான் படித்தேன். அங்கேயும் கட்டுரை எழுதச் சொன்னால் எனக்கு அரைப் பக்கத்துக்கு மேல் வராது. நாலு பேர் கூடி நிற்கிற இடத்தில் வாய் திறக்கவும் தயங்குவேன். ஆனால் என் தொழிலைப் பற்றி ஊரில் ஆளுக்கொரு விதமாக நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். சொந்தத் தங்கச்சியே நான் ஜெர்மனியில் ஒரு கமராக் கடையில் நிற்பதாகச் சொல்லித் திரிகிறாள். நான் கடையில் நிற்கவில்லை. நான் படத்தொகுப்பாளர். ஜெர்மன் படங்களை வெட்டி ஒட்டுகிறவள். பெரிய நடிகர்களும் பாட்டும் சண்டையும் உள்ள படங்கள் அல்ல. சின்னத் தியேட்டர்களில் கொஞ்சப் பேர் வந்து அமைதியாகப் பார்த்துவிட்டுப் போகிற படங்கள். அதைச் சொல்வதில் எனக்குப் பெருமை. வாயால் சொல்லத்தான் கூச்சம். எழுத்தில் அந்தக் கூச்சம் கொஞ்சம் குறையும் என்று நினைத்து எழுதுகிறேன்.

இந்த நாட்டில் வெயில் என்பது கொண்டாட்டம். ஜூன் மாதத்தில் நாலு நாள் தொடர்ந்து எறித்தால் வுப்பர்டால் நகரில் ஒருவரையும் வீட்டுக்குள் காணமுடியாது. புல்லில் துவாய் விரித்துப் படுத்திருப்பார்கள். அப்படியான ஒரு நாளில்தான் நான் இப்போது வீடு இருக்கிற கெல்சென்கிர்ச்சனில் இருந்து ரயிலேறி வந்து, ஒரு பழைய கட்டடத்தின் மேல்மாடி அறைக்குள் போய், கறுப்புத் திரையை இழுத்து மூடிவிட்டுக் கணினிக்கு முன்னால் உட்காருவேன். கீழே மருந்துக்கடை. அந்தக் கடைக்காரப் பெண் படிக்கட்டடியில் என்னைக் கண்டால், "இந்த வெயிலை விட்டுவிட்டு மறுபடியும் இருட்டுக்கா?" என்று கேட்பார். ஒருநாள் நான், "வெயில் எனக்குத் தேவையில்லை, ஊரில் போதுமான அளவு பட்டுவிட்டேன்" என்றேன். அவர் என் முகத்தைக் கவலையோடு பார்த்தார். அடுத்த நாள் ஒரு சின்ன டப்பியில் விற்றமின் குளிசை கொண்டுவந்து தந்தார். மனம் சோர்ந்தவர்களுக்கு நல்லதாம். நான் நன்றி சொல்லி வாங்கிக்கொண்டேன். அந்த இருட்டு அறையைப் போல எனக்குச் சந்தோஷமான இடம் இந்த நாட்டில் வேறு இல்லை என்பதை அவருக்கு விளக்க என் ஜெர்மன் போதவில்லை.

நான் அந்த அறைக்கு வந்து சேர்ந்த வழி நேரானது அல்ல. எண்பதுகளின் நடுவில் நானும் என் இவரும் அகதிகளாக வந்து இறங்கியபோது எங்களை ஏற்றது குணம் அண்ணை. டோர்ட்மண்டில் அவருக்குத் தமிழ்க் கடை. கடைக்கு மேலே இருந்த அறையை எங்களுக்குத் தந்தார். முதல்நாள் மாலை கதவில் மணி அடித்தது. பயந்துகொண்டு திறந்தால் மூடிய தட்டோடு நிற்கிறார். "இதைச் சாப்பிட்டிட்டுப் படுங்கோ. மிச்சத்தை நாளைக்குப் பாப்பம்" என்றார். பிறகு இவர் ஒரு வீடியோக் கமரா வாங்கிக் கலியாணம், பெண்பிள்ளைகள் வயதுக்கு வந்தால் செய்கிற சாமத்தியவீடு என்று படம் எடுக்கத் தொடங்கினார். ஆட்களைப் பிடித்துத் தந்ததும் குணம் அண்ணைதான். இவர் எடுத்துக்கொண்டு வருவதை வீட்டில் இரண்டு வீடியோ டெக்கையும் ஒரு ரி.வி.யையும் வைத்துக்கொண்டு நான் வெட்டி ஒட்டினேன். எனக்கு அது பிடித்துப் போனது. கலியாணவீட்டில் ஆட்களோடு கதைக்கத் தெரியாத நான், அதே ஆட்களை அறைக்குள் இருந்துகொண்டு மணிக்கணக்காகப் பார்க்கலாம். அவர்கள் என்னைப் பார்க்க மாட்டார்கள்.

கலியாண வீடியோவுக்கு ஒரே ஒரு சட்டம். வந்தவர் எவரும் விடுபடக்கூடாது. கசற் முடிந்ததும் முதல் கொப்பியை வீட்டுக்குக் கொண்டுபோக வேண்டும். தேத்தண்ணியும் பலகாரமும் வைத்துக் குடும்பமே சுற்றியிருந்து பார்க்கும். தாலி கட்டுகிற இடத்தைக்கூட அவ்வளவு கவனிக்க மாட்டார்கள். "எங்கை எங்கடை பெரியப்பாவைக் காணேல்லை?" என்று ஒரு குரல் வரும். "பந்தியிலை இருந்தவர், முதுகுதான் தெரியுது." "முதுகைக் காட்டுறதுக்கே அவர் பாரிஸிலை இருந்து வந்தவர்?" கையைக் கழுவிவிட்டு நான் திரும்பி வந்து, பெரியப்பா பாயாசம் குடிக்கிற இடத்தைத் தேடி எடுத்துச் சேர்ப்பேன். வெட்டினது என்றால் எங்கள் ஆட்களுக்கு அது முடிவு அல்ல. இனித்தான் பேச்சு. அந்தப் பேச்சு முடிந்து எல்லாரும் உள்ளே வந்த பிறகுதான் கொப்பிகள் அடிக்கப்படும்.

பிறகு ஆர்பைட்ஸ்அம்ட் என்ற வேலைவாய்ப்புக் கந்தோரில் வந்து சந்திக்கச் சொல்லி எனக்கு ஒரு டெர்மின் வந்தது. அங்கிருந்த அதிகாரி என்ன வேலை தெரியும் என்று கேட்டார். நான் ஒன்றும் தெரியாது என்றேன். கூட வந்த இவர், கலியாணப் படம் வெட்டுவாள் என்றார். அதிகாரி நிமிர்ந்து உட்கார்ந்து, ஒரு படம் எவ்வளவு நீளம் என்று கேட்டார். மூன்று மணித்தியாலம் என்றேன். என் ஜெர்மன் பிழை என்று நினைத்து, "மூன்று நிமிடம்" என்று பொறுமையாகத் திருத்தினார். நான் மறுத்துப் பேசிப் பழக்கமில்லாதவள். "ஓம், மூன்று நிமிடம்" என்று தலையாட்டினேன். ஒரு கலியாணத்தையே மூன்று நிமிடத்துக்குள் அடக்கத் தெரிந்தவள் என்று எண்ணி என்னை எடிட்டிங் படிக்க அனுப்பிவிட்டார். வகுப்பில் நான்தான் வயதில் மூத்தவள், சத்தமில்லாதவளும் நான்தான். படிப்பு முடிந்து பிராக்டிகும் என்ற பயிற்சி வேலைக்கு யூட்டாவிடம் போய்ச் சேர்ந்தேன்.

யூட்டா இயக்குநர். என்னைவிடச் சில வயது மூத்தவர். முதல் நாளே தன்னை "நீ" என்றுதான் கூப்பிட வேண்டும் என்றார். ஜெர்மன் மொழியில் அதைச் சொல்ல எனக்கு ஒரு குளிர்காலம் முழுக்கத் தேவைப்பட்டது. அவருடைய படங்களில் ஆட்கள் அதிகம் கதைக்க மாட்டார்கள். ஒரு பெண் ரயிலுக்குக் காத்து நிற்பாள், ரயில் வரும், அவள் ஏறமாட்டாள். அவ்வளவுதான் காட்சி. முதலில் எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. முன்பிருந்த எடிட்டருக்கு உதவியாளாக இருந்து, எடுத்தவற்றை எல்லாம் ஒழுங்குபடுத்திப் பெயர் எழுதிவைத்துக்கொண்டு பல வருடம் பார்த்துக்கொண்டே இருந்தேன். மெதுமெதுவாகத்தான் கண் திறந்தது. ஒரு முகத்தில் இருந்து கண்ணை எப்போது எடுக்க வேண்டும் என்பதுதான் முழுத் தொழிலும். ஒரு நொடி முந்தினால் அந்தப் பெண் சோம்பேறி போலத் தெரிவாள். பிந்தினால் பைத்தியம் போலத் தெரிவாள். சரியான இடத்தில் எடுத்தால் பார்க்கிறவர் தன் வீட்டு ஆளை நினைப்பார். அந்த எடிட்டர் ஹம்பேர்க்குக்குப் போனபோது, யூட்டா வெளியில் இருந்து ஆள் தேடவில்லை. "அடுத்த படத்தை நீ வெட்டு" என்றார். நான் வீட்டுக்கு வந்து இவருக்குச் சொல்லிவிட்டுக் குசினிக்குள் போய்க் கொஞ்ச நேரம் தனியாக நின்றேன்.

அந்தப் படத்தின் கதையைச் சொல்ல வேண்டும். ஒரு வயதான அம்மா கணவனை அடக்கம் செய்துவிட்டு வீட்டுக்கு வருகிறார். கணவன் செத்ததை ஒருவருக்கும் சொல்லாமல், எல்லாம் வழக்கம்போல நடப்பதாகக் காட்டிக்கொண்டு வாழத் தொடங்குகிறார். அதில் மேல்மாடி அயலவராக ஒரு தமிழர் வேண்டும் என்று யூட்டா விரும்பினார். நான் குணம் அண்ணையைக் கூட்டிக்கொண்டு போனேன். அந்த அம்மா அடக்கத்துக்குப் போய் வந்து கோட்டைக் கழற்றிக் கொக்கியில் கொளுவுகிறார். மணி அடிக்கிறது. கதவைத் திறந்தால் மூடிய தட்டோடு குணம் அண்ணை. என்ன நடந்தது என்று அவருக்குத் தெரியாது, சும்மா பலகாரம் கொண்டுவந்திருக்கிறார். நடிக்கச் சொல்லிக் கொடுக்க ஒன்றும் இருக்கவில்லை. என் கதவில் நின்ற அதே நிற்பு. யூட்டா கண்ணைத் துடைத்துக்கொண்டார். குணம் அண்ணை அன்றைக்கே கடைக்குப் போய்ச் சொல்லத் தொடங்கிவிட்டார். வெண்டிக்காய் வாங்க வந்தவர்கள், கருவாடு வாங்க வந்தவர்கள் எல்லாருக்கும் தெரியும், குணம் அண்ணை ஜெர்மன் படத்தில் நடித்திருக்கிறார் என்று.

வெட்டத் தொடங்கியபோது எனக்கு அந்த இடம் இடறியது. காட்சி நன்றாக இருந்தது. பிரச்சினையே அதுதான். அவர் தட்டோடு வந்து நின்றதும் அந்த அம்மாவுக்கு ஒரு துணை வந்துவிடுகிறது. அதற்குப் பிறகு அம்மா என்ன பொய் சொன்னாலும் நமக்குப் பயம் வருவதில்லை. மேல்மாடியில்தான் ஒரு நல்ல மனிதர் இருக்கிறாரே என்று மனம் ஆறிவிடுகிறது. பல நாள் அதைச் சுருக்கிப் பார்த்தேன், இடம் மாற்றிப் பார்த்தேன். கடைசியில் யூட்டாவிடம் சொன்னேன். அவர் என்னைக் கூர்ந்து பார்த்தார்.

"அவர் உன் ஆள் என்று எனக்குத் தெரியும். இருந்துவிட்டுப் போகட்டும். நான் ஒன்றும் சொல்லமாட்டேன்."

"எடுத்துவிட்டு ஒருதரம் பார்ப்போம்" என்றேன்.

பார்த்தோம். அம்மா கோட்டைக் கழற்றிக் கொளுவுகிறார். கை கோட்டில் இருந்து இறங்குகிறது. உடனே அடுத்த நாள் காலை, ஆற்றுக்கு மேலே தொங்கிக்கொண்டு போகும் வுப்பர்டால் ரயிலில் அதே கோட்டோடு இருக்கிறார். இடையில் ஒருவரும் வரவில்லை. முழு இரவும் அந்த இடைவெளிக்குள் போய்விட்டது. யூட்டா எழுந்து திரையை விலக்கி யன்னலைத் திறந்தார். திரும்பாமலே, "அவரிடம் நீ சொல்கிறாயா, நான் சொல்லவா?" என்று கேட்டார். "நான் சொல்கிறேன்" என்றேன். என் வாழ்க்கையில் ஒருவரும் கேட்காமல் நான் எடுத்த பெரிய முடிவு அது. அன்றைக்கு ரயிலில் வீட்டுக்கு வரும்போது, பயத்துக்குக் கீழே எனக்குள் ஒரு நிமிர்வு இருந்ததை மறைக்க மாட்டேன்.

அடுத்த வாரமே கடைக்குப் போனேன். குணம் அண்ணை முருங்கைக்காய்ப் பெட்டியை உடைத்து அடுக்கிக்கொண்டிருந்தார். அவரின் மனைவி ராணி அக்கா காசு வாங்கும் இடத்தில்.

"அண்ணை, உங்கடை இடத்தை வெட்டிட்டன்" என்றேன். இதைத்தான் ரயிலில் பாடமாக்கிக்கொண்டு வந்தேன்.

"எவ்வளவு வெட்டினனீ?"

"முழுக்க."

அவர் கையில் இருந்த முருங்கைக்காயைப் பார்த்தார். "என்ன, நான் சரியாய் நடிக்கேல்லையோ?"

"நல்லாய் நடிச்சனீங்கள். அதுதான் பிரச்சினை. நீங்கள் வந்து நிண்டால் அந்த அம்மா பிறகு தனிய இல்லை. படத்துக்கு அவ தனிய இருக்கவேணும்."

"ம்." ஒரு கட்டை அவிழ்த்து அடுக்கினார். "கொப்பி அடிச்சாச்சோ?"

"இல்லை அண்ணை, அதுக்கு இன்னும் நாள் இருக்கு."

"அப்ப என்ன. நேரம் கிடக்குத்தானே. உனக்கு நான் சொல்லித்தர வேணுமே? யோசிச்சுச் செய்." பிறகு ராணி அக்காவிடம், "இவளுக்கு அந்தப் பழுத்த மாம்பழத்திலை ரெண்டு போட்டு விடு" என்றார்.

எவ்வளவு பெரிய மனம் என்று நினைத்துக்கொண்டு வந்தேன். சொன்னவர்களுக்கெல்லாம் தான் வரவில்லை என்று சொல்ல நேரம் இருக்கிறது, அதைத்தான் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். இருட்டு அறையில் இருந்த வருடங்களில் எனக்கு ஒன்று மறந்து போயிருந்தது. அந்த அறையில் வெட்டினது என்றால் வெட்டினதுதான். கடையிலோ, நான் முதல் கொப்பியைக் கொண்டுவந்து காட்டியிருக்கிறேன். பெரியப்பாவைக் காணவில்லை என்று அவர் பக்குவமாகச் சொல்லியிருக்கிறார்.

படத்தின் முதல் திரையிடல் டோர்ட்மண்டில் ஒரு சின்னத் தியேட்டரில், வெள்ளிக்கிழமை மாலை. குணம் அண்ணை இரண்டு வரிசைக்கு ரிக்கற் எடுத்திருந்தார். எங்கள் ஆட்கள் பட்டுச் சேலையும் நகையுமாக, பிள்ளைகளோடு வந்து இறங்கினார்கள். தியேட்டர்க்காரப் பெண் என்னைத் தனியே கூப்பிட்டு, இவர்கள் ஏதாவது திருமணத்துக்கு வந்து இடம் மாறிவிட்டார்களா என்று கேட்டார். இல்லை, என் ஆட்கள் என்றேன். குணம் அண்ணை கோட்டும் கழுத்துப் பட்டியும் போட்டிருந்தார். என்னைக் கண்டதும் கிட்ட வந்து, "எல்லாம் சரிதானே?" என்று கேட்டார். "ஓம் அண்ணை, எல்லாம் சரி" என்றேன். படம் நன்றாக வந்திருக்கிறதா என்று கேட்கிறார் என்றுதான் நினைத்தேன். என் தோளில் தட்டிவிட்டுப் போனார்.

முன்வரிசையில் படக்குழுவுக்குப் பக்கத்தில் என் பெயர் எழுதி ஓர் இருக்கை. பின்னால் எங்கள் ஆட்களுக்கு நடுவே, ராணி அக்கா கைப்பையை வைத்துப் பிடித்திருந்த ஓர் இருக்கை. இரண்டிலும் இருக்க எனக்குக் கால் போகவில்லை. பக்கச் சுவரோடு, வெளியேறும் கதவுக்கு மேலிருந்த பச்சை விளக்கின் கீழே நின்றேன். அங்கிருந்து திரையையும் பார்க்கலாம், ஆட்களின் முகங்களையும் பார்க்கலாம்.

அம்மா அடக்கத்தில் இருந்து வந்தார். கதவைத் திறந்தார். என் கண் தானாகக் குணம் அண்ணையிடம் போனது. அவர் இருக்கையில் நிமிர்ந்தார். கழுத்துப் பட்டியைச் சரிசெய்தார். பக்கத்தில் இருந்த ராணி அக்காவின் கையை எட்டிப் பிடித்தார். முன்னால் இருந்தவரின் தோளில் விரலால் தட்டி, இப்போது பார் என்பதுபோல் திரையைக் காட்டினார். அப்போதுதான் எனக்கு எல்லாம் விளங்கியது. அம்மா கோட்டைக் கழற்றிக் கொளுவினார். கை இறங்கியது. ரயில் வந்தது.

அந்த வெட்டில் முன்வரிசையில் யாரோ மூச்சை உள்ளே இழுத்தார்கள். முழுத் தியேட்டரும் அசையாமல் போனது. ஒரு எடிட்டருக்கு இதைவிட வேறு சம்மானம் இல்லை. இதுவரைக்கும் நான் செய்த வெட்டுகளில் அதுதான் சிறந்தது, இன்றைக்கும் சொல்வேன். அதே நொடியில் குணம் அண்ணை ராணி அக்காவின் கையை மெதுவாக விட்டார்.

இங்கே இப்படியான தியேட்டர்களில் படம் முடிந்தாலும் கடைசிப் பெயர் போகும் வரைக்கும் ஒருவரும் எழும்ப மாட்டார்கள். எங்கள் ஆட்களுக்கு அது பழக்கமில்லை. சேலையை இழுத்துச் சரிசெய்து, பிள்ளைகளை எழுப்பி, கைப்பைக்குள் வாகனத் திறப்பைத் தேடத் தொடங்கிவிட்டார்கள். குணம் அண்ணையின் குரல் கேட்டது.

"இருங்கோ எல்லாரும். பேர் வரட்டும்."

இருந்தார்கள். திரையில் என் பெயர் வந்தது. தனியாக, ஒரு வரியில், குடும்பப் பெயராக என் இவரின் பெயரோடு. குணம் அண்ணைதான் முதலில் கை தட்டினார். முன்னால் இருந்த ஜெர்மன்காரர்கள் திரும்பிப் பார்த்துவிட்டுத் தாங்களும் தட்டினார்கள்.

வெளியே மண்டபத்தில் ரவி, கடைக்கு வழக்கமாக வருகிற பொடியன், வாயைச் சும்மா வைத்துக்கொண்டிருக்கவில்லை. "என்ன குணம் அண்ணை, பேயாய் நடிச்சனீங்களோ? ஒருத்தற்றை கண்ணுக்கும் தெரியேல்லை." எல்லாரும் சிரித்தார்கள்.

"எட விசரா" என்றார் குணம் அண்ணை. "நான் உள்ளை போயிருந்தா அந்தக் கிழவிக்கு ஆறுதலாப் போயிருக்கும். பிறகென்ன படம்? எங்கடை பிள்ளை அதைக் கண்டுதான் வெட்டினது. உனக்கு இதெல்லாம் விளங்காது, நீ போய்க் காரை எடு."

பிறகு யூட்டாவிடம் போய்க் கையைக் குலுக்கி, "நல்ல படம்" என்று ஜெர்மனில் சொன்னார். யூட்டா அவரின் கையை விடாமல், அவருடைய காட்சியைப் பற்றி நீளமாக ஏதோ சொல்லத் தொடங்கினார். அவர் தலையை ஆட்டிக்கொண்டே நின்றார். என் பக்கம் திரும்பவில்லை. ராணி அக்காதான் எங்கள் ஆட்களுக்கென்று சுட்டுக் கொண்டுவந்ததில் மிஞ்சிய வடையை ஒரு பெட்டியில் போட்டு என்னிடம் தந்தார். தரும்போது மெதுவாகச் சொன்னார், "நீ திருப்பிப் போடுவாய் எண்டுதான் இருந்தவர். அது போகட்டும். நீ ஒண்டும் யோசியாதை."

திருப்பிப் போட்டிருப்பேனா என்று இதை வாசிக்கிறவர்கள் கேட்கலாம். இல்லை. அவர் என்ன நினைத்துக்கொண்டிருக்கிறார் என்று தெரிந்திருந்தால் இன்னொருதரம் கடைக்குப் போய், இன்னும் தெளிவாகச் சொல்லியிருப்பேன். ரிக்கற் எடுக்கவேண்டாம் என்று கெஞ்சியிருப்பேன். ஆனால் அந்த அம்மா கோட்டைக் கொளுவின பிறகு ரயில்தான். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. சந்தேகம் இல்லாமல் ஒன்றைச் சொல்ல இந்த நாடும் அந்த அறையும் எனக்குக் கற்றுத் தந்திருக்கின்றன. அந்தச் சொல்லைத் தாங்கிக்கொண்டு, என் பெயர் வரும் வரைக்கும் இரண்டு வரிசையை இருத்தி வைக்க எங்கள் ஆட்களில் ஒருவரால் முடிந்தது. இரண்டிலும் எனக்குப் பெருமை. யூட்டாவும் மற்றவர்களும் பக்கத்துத் தெருவில் வைன் குடிக்கப் போனார்கள், என்னையும் கூப்பிட்டார்கள். எங்கள் ஆட்கள் மற்ற வாசலால் வாகனங்களுக்குப் போனார்கள். தியேட்டர்க்காரப் பெண் வந்து, பூட்டப் போகிறேன், எந்த வாசலால் போகிறீர்கள் என்று கேட்கும் வரைக்கும் நான் வடைப் பெட்டியோடு நடுவில் நின்றேன்.

மறுநாள் சனிக்கிழமை. காலையில் யூட்டா தொலைபேசி எடுத்து, பேர்லினில் ஒரு தியேட்டரில் படத்தைக் கேட்டிருக்கிறார்கள் என்று சொன்னார். மத்தியானம் நான் குணம் அண்ணையைப் பார்க்க டோர்ட்மண்டுக்குப் போனேன். சனிக்கிழமையில் ஒருநாளும் பூட்டாத அவரின் கடை பூட்டியிருந்தது.